பெட்டியோடு போனவள்

குதிகால் உயர்ந்த கறுப்புச் செருப்புகளுக்குள் இரண்டு கைகள் நுழைந்திருந்தன. மணல் தூவிய சிமெண்டுப் பலகையில் குதிகால் முதலில் விழுந்தது, பிறகு விரல் பக்கம். எதிரே திரையில் ஒரு பெண் ரயில் நிலைய நடைமேடையில் போய்க்கொண்டிருந்தாள். அவள் பாதம் தரையைத் தொடும்போதெல்லாம் பலகையிலும் செருப்பு விழுந்தது.

அந்தக் கைகளுக்குச் சொந்தக்காரரை எங்கள் ஒலிப்பதிவுக் கூடத்தில் காலடியக்கா என்போம். படங்களுக்குக் காலடி, கதவு, துணி உரசல் என்று ஓசை செய்து தருவது அவர் வேலை. கூட்டத்தில் ஒரு குரலாகக் கத்துவதற்கு வந்தவர், நடக்க வேண்டிய ஆள் வராத ஒருநாள் செருப்பை மாட்டிக்கொண்டார். அன்று தொடங்கியது. போலீஸ்காரன், கர்ப்பிணி, குடிகாரன் எல்லாருக்கும் நடந்திருக்கிறார். முழங்கால் அறுவைக்குப் பிறகு நின்று செய்ய முடியாமல் போகவே, ஸ்டூலில் உட்கார்ந்து கைகளைச் செருப்புக்குள் விட்டார். "கால் ரிட்டயர் ஆயிடுச்சு, கைக்கு இப்பத்தான் உத்தியோகம்" என்பார்.

ஒரு குறை மட்டும் உண்டு. அவர் நடந்த நடையில் பாதி யார் காதிலும் விழுந்ததில்லை. மேலே வயலின் ஏறி உட்கார்ந்துகொள்ளும்.

இப்போது கையில் இருந்தது, ஊரே மனப்பாடமாக வைத்திருக்கும் ஒரு பழைய காதல் படத்தைத் தொலைக்காட்சிக்காகப் புதிதாக எடுத்த படம். காதலர்கள் பிரியும் கடைசிக் காட்சியில் பழைய படத்தில் இசையே கிடையாது, அவள் போகும் காலடி மட்டும்தான். இயக்குநருக்கும் அப்படியே விட ஆசை. ஆனால் சேனலில் இசை கேட்கிறார்கள். மறுநாள் அக்கா கொடுக்கும் நடை காட்சியைத் தாங்கினால் சரி, இல்லாவிட்டால் வயலின் தயார் என்றார். கையால் நடந்து தாங்குமா என்று அவர் வாய்விட்டுக் கேட்கவில்லை. கண் மட்டும் செருப்பிலேயே இருந்தது.

அக்கா பழைய படத்தைப் போட்டுக் கேட்டு, அதே நடையைப் பிசகாமல் எடுத்தார். நேரம் ஒத்துப்போனது, ஆள் ஒத்துப்போகவில்லை. பக்கத்து நடைமேடையில் வேறு யாரோ நடப்பதுபோல் இருந்தது. மணலை மாற்றினார், செருப்பை மாற்றினார். ஒட்டவில்லை. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

அடுக்களையில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தபோது, பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற அவர் கணவர் தண்ணீர் கேனோடு மாடிப்படி ஏறி வரும் சத்தம் கேட்டது. அக்காவின் கத்தி நின்றது.

"வலது கையிலதானே கேனு?"

"ஆமா. ஏன், மாத்திக்கணுமா?"

"வேணாம். அப்படியே இறங்கி, மறுபடி ஏறி வாங்க."

"எனக்கும் ஒரு முழங்கால் ஆபரேஷன் பண்ணிப் பாக்கணும்னு ஆசையா உனக்கு?"

முணுமுணுத்துக்கொண்டே இறங்கினார், ஏறினார். வலது கால் அழுத்தி விழ, இடது கால் அவசரமாக வந்து சேர்ந்தது.

பழைய படத்தின் கதாநாயகி வெறுங்கையோடு போகிறாள், பெட்டி காதலன் கையில் நின்றுவிடுகிறது. புதியவளோ தன் பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு போகிறாள். நாள் முழுக்கத் திரையைப் பார்த்தும், பழைய நடை காதை அடைத்திருந்ததால் அந்தப் பெட்டி அக்காவுக்கு உறைக்கவே இல்லை.

மறுநாள் காலை வலது மணிக்கட்டில் மணல் நிரப்பிய துணிப்பை ஒன்றைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தார். இப்போது பெட்டிக்காரி நடந்தாள். நடைமேடையின் நடுவில் அவள் சற்று நிற்கிறாள். திரும்பிப் பார்ப்பாள் என்று நினைக்கிறோம். அவள் பெட்டியைக் கை மாற்றிக்கொள்கிறாள், அவ்வளவுதான். அந்த நிற்றலுக்குள் அக்கா பையை அவிழ்த்து இடது கையில் சுற்றிக்கொண்டார். அதன்பின் இடது கால் கனத்தது.

இயக்குநர் மதியம் வந்து கேட்டார். காட்சி முடிந்ததும் இன்னொரு முறை ஓடவிட்டார்.

"வயலின்காரர்கிட்ட நானே சொல்லிக்கிறேன்க்கா."

"சொல்லுங்க. நான் நடந்து முடிக்கிற வரைக்கும் உங்க கதாநாயகன் இருமக்கூடக் கூடாது."

ஓசை ஏற்றிய சின்ன டிரைவை அக்கா எடுத்தார். பைக்கயிறு பதிந்து சிவந்திருந்த அந்தக் கையாலேயே அதை அவரிடம் கொடுத்தார்.