மூன்றாம் மாடி அன்னாசிகள்

பிலோமினா அக்கா காலமானார் என்ற செய்தி எங்கள் அடுக்குமாடியின் வாட்ஸ்அப் குழுவில், தண்ணீர்த் தடை அறிவிப்புக்கும் காணாமல்போன பூனை ஒன்றின் படத்துக்கும் நடுவே வந்தது. அதற்கு அடுத்ததாக நிர்வாகக் குழுவின் செய்தி: சவப்பெட்டியை இறக்க வசதியாக மூன்றாம் மாடி நடைவழியில் உள்ள தொட்டிகளை உடனே அகற்றவும். அழுதுகொண்டிருந்த எனக்கு அழுகை நின்று கோபம் வந்துவிட்டது. "ஒரு தொட்டியையும் யாரும் தொடக்கூடாது" என்று பதில் போட்டேன். கெலுகோரில் அந்தக் கட்டடத்தில் அக்காவோடு வாழ்ந்த உங்களில் பலருக்குக் காரணம் தெரியும். தெரிந்தும் மறந்துவிடக்கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

நான் அடுத்த வீட்டுக்காரி. அக்கா சுங்கை பாக்காப் பக்கம் பிறந்தவர். பட்டர்வொர்த்தில் ஓர் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து, ஓய்வு பெறும்வரை ஃபெரியில் போய் வந்தவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்று கேட்டவர்களிடம், "நீங்க ஏன் செஞ்சீங்க?" என்று திருப்பிக் கேட்பார். கேட்டவர்கள் பெரும்பாலும் வீட்டுக்குப் போய்விடுவார்கள்.

புற்றுநோய்தான் என்று உறுதியாகி அவர் மருத்துவமனையிலிருந்து திரும்பிய நாள் நன்றாக நினைவிருக்கிறது. ஆசை ஏதாவது இருந்தால் தள்ளிப்போடாதீர்கள் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அக்கா வரும் வழியில் பாசாரில் இறங்கி, கொண்டை வாடாத அன்னாசிப் பழங்களாகப் பொறுக்கி வாங்கி வந்தார். பழத்தை எங்களுக்கு நறுக்கிக் கொடுத்துவிட்டு, கொண்டைகளின் அடி இலைகளை உரித்து, வெட்டுவாய் உலரட்டும் என்று சில நாள் கவிழ்த்து வைத்தார். பிறகு, அடியில் ஓட்டை போட்ட பழைய பெயிண்ட் வாளிகளில் நட்டார்.

"காய்க்க எவ்வளவு நாளாகும் அக்கா?"

"ரெண்டு வருஷம் ஆகும்லா."

நான் மனசுக்குள் மாதங்களை எண்ணிப் பார்த்தேன். அவர் என் முகத்தைப் பார்த்தார்.

"கீரை போட்டா அடுத்த மாசமே முடிஞ்சிரும், சாந்தி. அப்புறம் டாக்டர் சொன்னதுதான் சரின்னு ஆயிரும்."

எங்கள் நடைவழியில் காலை வெயில் நேராக விழும். வாளிகளைச் சுவரோரமாக ஒற்றை வரிசையில் வைத்தார். முள் இலை யாரையும் கீறிவிடக்கூடாது என்று, வழிப்பக்கம் நீளும் நுனிகளைக் கத்தரித்தபடி இருப்பார். செடிகள் பெரிதாகப் பெரிதாகப் புகார்களும் வளர்ந்தன. குழுத் தலைவர் காசிம் பாய், நாசி கண்டார் சோற்றுக்கடை வைத்திருப்பவர், நல்ல மனிதர். விதிமுறை பேச ஆரம்பித்தால்தான் அவரைத் தாங்க முடியாது.

"எலை இடுக்குல தண்ணி நிக்குது அக்கா. ஏடிஸ் கொசு வந்து டெங்கு பரவுனா யாரு பொறுப்பு?"

"வாங்க பாய், வந்து தேடுங்க. ஒரு புழு கெடைச்சாலும் நானே தூக்கிப் போட்டுர்றேன்."

காசிம் பாய் டார்ச் லைட்டோடு வந்து செடி செடியாகத் தேடினார். கையில் கீறல்தான் கிடைத்தது. அக்கா தினமும் காலையில் இலை இடுக்குகளில் புதுத் தண்ணீரை வேகமாக ஊற்றிப் பழைய தண்ணீரை வெளியேற்றிவிடுவது அவருக்கு எப்படித் தெரியும்? ஆனாலும் எனக்குப் பயம் விடவில்லை. வெள்ளிக்கிழமை வீட்டில் சாம்பிராணி போட்டதும், கரி கனியும் தட்டை வெளியே கொண்டுவந்து செடிகளுக்கு நடுவே வைத்துவிடுவேன். ஒரு கொசு மிஞ்சக்கூடாது என்று கண் எரிய எரியப் புகை போட்டேன்.

சில வாரங்கள் கழித்து, வளர்ந்த செடிகள் எல்லாமே நடுவில் சிவப்பாக மொட்டு வைத்தன. அக்கா என்னைக் கூப்பிட்டுக் காட்டிவிட்டுச் சிரித்தார், அப்படிச் சிரித்தார்.

"பொக பட்டா அன்னாசி பூ விடும்லா. தோட்டத்துல வேணும்னே போடுவாங்க. உங்க சாமிக்குப் போட்ட பொகையில என் செடி பூத்திருச்சு. ஃபாதர்கிட்ட சொல்லிராதே."

கொசுப் புகார் எடுபடவில்லை என்றதும் வேறொரு புகார் வந்தது. நடைவழியை அடைக்கக்கூடாது, மாதக் கடைசிக்குள் தொட்டிகளை எடுக்க வேண்டும் என்று அக்கா வீட்டுக் கதவில் நோட்டீஸ் ஒட்டினார்கள். அவர் அதைக் கிழிக்கவில்லை. அதன்மேல் அந்தோணியார் படத்தை ஒட்டினார். கீழே மண்டபத்தில் கூட்டம் நடந்தபோது, முடி கொட்டிய தலையில் துணியைச் சுற்றிக்கொண்டு என் கையைப் பிடித்து இறங்கி வந்தார்.

"அவசரத்துக்கு ஸ்ட்ரெச்சர் போக வழி வேணாமா அக்கா?" என்றார் காசிம் பாய்.

"ஸ்ட்ரெச்சர் போகும் பாய். பெட்டியே போகும். நான் அளந்துதான் வெச்சிருக்கேன். போகலேன்னா, அன்னிக்கு எடுத்துக்குங்க."

காசிம் பாய் கையிலிருந்த தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார். அன்று எந்த முடிவும் எடுக்கப்படவில்லை. நோட்டீஸும் அந்தோணியாருக்கு அடியில் அப்படியே இருந்தது.

காய்கள் பருத்துவர, அக்கா மெலிந்துகொண்டே போனார். கதவருகே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். பழுப்பதை அவர் பார்த்துவிட வேண்டும் என்று நான் மாதாவிடம்கூட வேண்டிக்கொண்டேன். அதைச் சொன்னபோது அக்காவுக்குப் பிடிக்கவில்லை.

"நான் பாக்கணும்னு இல்ல. நான் போயிட்டேன்னு யாரும் புடுங்கிடக் கூடாது. அவ்வளவுதான்."

இப்போது புரியும், வாட்ஸ்அப்பில் ஏன் அப்படி எழுதினேன் என்று. அடக்கத்தன்று வாளிகளுக்கு முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். சிலர் முறைத்தார்கள். பெட்டி வெளியே வந்ததும் நான் என் வீட்டு வாசலுக்குள் ஒதுங்கினேன். அக்காவின் தம்பி பிள்ளைகளோடு தோள் கொடுத்தவர்களில் காசிம் பாயும் ஒருவர். செடிகள் இருந்த பக்கத்தைத்தான் அவர் பிடித்திருந்தார். பச்சைக் காய்களைத் தாண்டி, நடைவழி முழுவதையும் பெட்டி கடந்து போனது. ஓர் இலைகூட உரசவில்லை. படித் திருப்பத்தில் கொஞ்சம் தடுமாறினார்கள். அது கட்டடத்தின் குற்றம்.

கல்லறையிலிருந்து திரும்பி வந்த காசிம் பாய் மேலே ஏறி வந்து, அந்த வரிசையைப் பார்த்துக்கொண்டு நின்றார். "போகும்னாங்க. போயிருச்சு" என்றார். பழங்கள் பழுத்தபோது முதல் பழத்தை அவர் வீட்டுக்குத்தான் அனுப்பினேன். பச்சடியாக ஒரு கிண்ணம் திரும்பி வந்தது. நான் அதைச் சாப்பிட்டுக்கொண்டே அழுதேன்.

அக்காவின் சாமான்களில் நான் எதையும் கேட்கவில்லை. அன்னாசிக் கொண்டைகளை மட்டும் எடுத்துக்கொண்டேன். அவற்றை என் வாசலில், அதே சுவரோரமாக, அதே பெயிண்ட் வாளிகளில் நட்டிருக்கிறேன். போன வாரம் என் கதவிலும் நோட்டீஸ் ஒட்டியிருக்கிறார்கள். எனக்கும் வயதாகிறது, முழங்கால் வலிக்கிறது, காய்க்க இரண்டு வருஷமாகும். செடிகளை எடுப்பதாக இல்லை. பெட்டி போக இடம் விட்டுத்தான் வைத்திருக்கிறேன்.