பேத்திக்கு நான் கொடுத்த பின்னணிக் குரல்

சமீபத்தில் ஒரு காலை, அஸ்தினாபுரத்தில் எங்கள் அபார்ட்மென்ட் மொட்டை மாடியில் நின்று நான் காக்கை போலக் கரைந்துகொண்டிருந்தேன். மனிதர்கள் யாரும் இல்லை என்ற தைரியம்தான். காக்கைகள் இருந்தன. முதலில் ஒன்று வந்தது. அப்புறம் நாலைந்து. தண்ணீர்த் தொட்டியின் மேல் வரிசையாக உட்கார்ந்து, 'கூப்பிட்டாயே, சோறு எங்கே?' என்பது போல முறைத்தன.

துணி காயப்போட வந்த மூன்றாவது மாடி சார், ஈர லுங்கியோடு அப்படியே நின்றுவிட்டார்.

"அமாவாசை நாளைக்குத்தானே சார்?" என்றார்.

"அதுக்கில்ல சார்... பேத்திக்குப் பேச்சு வரணும்னு..."

அவர் லுங்கியைக் காயப்போடாமலே இறங்கிப் போய்விட்டார். என் இடுப்பில் இருந்த பேத்தி ஆதிரை மட்டும் ஒன்றும் சொல்லவில்லை. அதுதானே பிரச்சினையே!

ஆதிரைக்கு இரண்டரை வயது. ஒரு வார்த்தை கிடையாது. 'அம்மா' கிடையாது, 'அப்பா' கிடையாது. விரலை நீட்டுவாள், 'ம்ம்' என்பாள். தீர்ந்தது. காது டாக்டர் பார்த்துவிட்டார். காது பிரமாதம். அடுத்த அறையில் பிஸ்கட் பாக்கெட் பிரிகிற சத்தத்துக்கு ஓடி வருகிற காது.

மகளும் மாப்பிள்ளையும் பக்கத்துத் தெரு. இருவரும் ஐ.டி. என் மனைவிக்குப் பள்ளிக்கூட வேலை. 'எழுதுறவர் வீட்டுலதானே இருக்கார்' என்று குழந்தையைப் பகல் முழுக்க என்னிடம் விட்டிருக்கிறார்கள். ஆகவே, குழந்தை பேசவில்லை என்றால் கண்கள் எல்லாம் யார் பக்கம் திரும்பும்? சொல்லுங்கள்.

அட்வைஸுக்கா பஞ்சம்? வசம்பை இழைத்து நாக்கில் தடவு என்றார்கள். தடவினோம். முகத்தைச் சுளித்தாள், பேசவில்லை. கோயிலுக்கு மணி வாங்கிக் கட்டுவதாக வேண்டிக்கொள் என்றார்கள். வேண்டிக்கொண்டோம். கீழ் வீட்டு அம்மா ஆறுதலாக, "எங்க வீட்டுக்காரரே நாலு வயசு வரைக்கும் பேசல, தெரியுமா?" என்றார். அந்த மனிதர் இப்போதும் பேசி நான் கேட்டதில்லை. இதில் என்ன ஆறுதல்?

எனக்குப் பதற்றம் வந்தால் ஒரு கெட்ட பழக்கம் உண்டு. படிப்பேன். குழாயில் தண்ணீர் வரவில்லை என்றால் பிளம்பரைக் கூப்பிட மாட்டேன். மேகம் எப்படி உருவாகிறது என்று படிப்பேன். இப்போதும் அதே லாஜிக்தான். மனித இனத்துக்கே பேச்சு எப்படி வந்தது என்று தெரிந்துகொண்டால், ஒரே ஒரு குட்டி மனுஷிக்கு வரவழைக்க முடியாதா?

செல்போனில் தேடினேன். அங்கே பெரிய பெரிய அறிஞர்கள் ஒருவரை ஒருவர் அடித்துக்கொண்டிருக்கிறார்கள். ஆதி மனிதனின் எலும்பு கிடைக்கிறது, கல் கோடரி கிடைக்கிறது. அவன் பேசிய பேச்சு மட்டும் எந்த மண்ணிலும் புதைந்து கிடைப்பதில்லை. சாட்சி இல்லாத வழக்கு... யார் வேண்டுமானாலும் என்ன வேண்டுமானாலும் சொல்லலாம். எங்கள் அபார்ட்மென்ட் வாட்ஸ்அப் குரூப் மாதிரி.

விலங்கு, பறவைச் சத்தங்களைக் கேட்டு அதுபோலக் கத்தியதில்தான் மொழி பிறந்தது என்கிறது ஒரு கட்சி. அதன் விளைவுதான் மொட்டை மாடி.

குரங்குகள் ஒன்றுக்கொன்று பேன் பார்த்துக்கொண்டதன் தொடர்ச்சிதான் மனிதனின் ஊர்வம்பு, அதிலிருந்துதான் பேச்சு என்கிறது இன்னொரு கட்சி. ஆதிரையை மடியில் போட்டு, தலையைக் கோதி, அசோசியேஷன் செக்ரட்டரியைப் பற்றி எனக்குத் தெரிந்த அவ்வளவையும் கொட்டினேன். தூங்கிவிட்டாள். செக்ரட்டரியைப் பற்றிப் பேசினால் எனக்கு எழுச்சி வரும். அவளுக்குக் கொட்டாவி வருகிறது.

மூன்றாவது கட்சிதான் என்னைக் கவிழ்த்தது. பல பேர் சேர்ந்து பாரம் இழுக்கும்போது மூச்சு சேர ஒரு குரல் கொடுப்பார்களே... 'ஐலசா' மாதிரி... அதுதான் முதல் பேச்சாம். ஐலசாவுக்கு எங்கே போவது? கோவளம் இருக்கவே இருக்கிறது. தாம்பரத்தில் பஸ் பிடித்து, குழந்தையும் நானும் கடற்கரையில் போய் இறங்கினோம்.

படகு கரைக்கு வந்தது. நான் ஆவலோடு ஆதிரையைத் தோளில் தூக்கிக்கொண்டேன். ஒரு டிராக்டர் வந்தது. கயிற்றைக் கட்டினார்கள். டிராக்டர் படகை இழுத்துக்கொண்டு போயிற்று. அவ்வளவுதான்.

வலை உதறிக்கொண்டிருந்தவரிடம், பாட்டெல்லாம் பாட மாட்டீர்களா என்று கேட்டேன்.

"இன்னா சார், டிராக்டர் இழுக்குறப்ப நான் இன்னாத்துக்குப் பாடணும்? கையால இழுத்த காலத்துல முதுகு பேஜாராயி பட்த்துகினு கெடந்தோம். உனுக்கு ஆசயா கீதுன்னா நீ பாடு."

பாடினேன். வேறு வழி? பஸ் ஏறி அவ்வளவு தூரம் போயாகிவிட்டதே! ஈர மணலில் தனி ஆளாக நின்று, இல்லாத கயிற்றை இழுத்து, 'ஐலசா... ஐலசா...' மீன் விற்றுக்கொண்டிருந்த அக்காக்கள் பேரத்தை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்கள். பகலிலேயே போட்டுவிட்டு, கையில் குழந்தையோடு வேறு நிற்கிறானே என்ற பார்வை. ஆதிரை டிராக்டரைக் காட்டி 'ம்ம்' என்றாள்.

வீட்டுக்குத் திரும்பி, இதை ஒரு பெரிய ஜோக்காக மகளிடம் நடித்துக் காட்டினேன். நித்யா சிரிக்கவில்லை. எழுந்து பாத்ரூமுக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டாள். தண்ணீர் ரொம்ப நேரம் ஓடிக்கொண்டே இருந்தது. முகம் கழுவ அவ்வளவு தண்ணீர் எதற்கு? எனக்குத் தெரியும். பேசாத ஒரு குழந்தையின் அம்மா ஆபீஸில், லிஃப்டில், விசேஷ வீட்டில் என்னென்ன கேள்விகளைச் சந்தித்துவிட்டு வருகிறாள் என்று யோசிக்காமல் நான் காக்கை, கடல் என்று அலைந்திருக்கிறேன்.

மறுநாளே குரோம்பேட்டையில் ஒரு பேச்சுப் பயிற்சி நிபுணரிடம் போனோம். சின்னப் பெண். அன்பான முகம். ஆதிரையை எதிரே உட்காரவைத்து ஒரு பந்தைக் காட்டி, "இது என்ன பாப்பா?" என்றார்.

"பந்து மேடம்" என்றேன் நான்.

"உனக்கு என்ன கலர் பிடிக்கும்?"

"மஞ்சள்தான் மேடம் அவளுக்கு உயிர்."

"சார், நீங்க கொஞ்சம் வெளியே உட்காருங்களேன்" என்றார். முகத்தில் அன்பு சற்றுக் குறைந்திருந்தது. செருப்பு ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். கதவு முழுக்கச் சாத்தவில்லை, அதனால் எல்லாம் கேட்டது. குழந்தைக்குப் புரிதல் நன்றாக இருக்கிறது, பயப்பட வேண்டாம், தொடர்ந்து வாருங்கள் என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "வீட்ல இவளுக்காக எல்லாத்தையும் யாரு பேசறீங்க?" என்றார்.

நித்யா திரும்பினாள். கதவிடுக்கு வழியாக என்னைப் பார்த்தாள்.

நம் குடும்பங்களில் குழந்தைக்குப் பேச்சு வரும்வரை பெரியவர்கள் டப்பிங் கொடுப்பது வழக்கம்தானே? 'எனக்குப் பசிக்குதுன்னு சொல்லு', 'வணக்கம் மாமாங்கறா பாருங்க'... யார் வீட்டில் இல்லை? நான் கொஞ்சம் கூடுதலாகப் போனேன். அவ்வளவுதான் வித்தியாசம். மாப்பிள்ளையின் பெற்றோர் திருநெல்வேலியில் இருக்கிறார்கள். ஞாயிறுதோறும் வீடியோ கால். முதல் தடவை விளையாட்டாகத்தான், குழந்தைக்குப் பின்னால் உட்கார்ந்து மழலையில், "ஆச்சி, நான் இத்லி சாப்ட்டேன்" என்றேன். அந்தப் பக்கம் சம்பந்தியம்மா பூரித்துப்போனார். "ஏட்டி, என்னமா பேசுதா!" என்று தெருவையே கூப்பிட்டுக் காட்டினார். அதன் பிறகு எந்த வாயால் இல்லை என்று சொல்வது? வாரா வாரம் டப்பிங். வாய் அசைவு பொருந்தவில்லையே என்று ஒருமுறை சம்பந்தி சந்தேகப்பட்டார். இங்கே நெட்வொர்க் சரியில்லை என்று மாப்பிள்ளையே சமாளித்தார்.

ஆக, குழந்தை விரலை நீட்டுவதற்கு முன்பே பொருள் வந்துவிடுகிறது. வாயைத் திறப்பதற்கு முன்பே வாக்கியம் வந்துவிடுகிறது. அப்புறம் எதற்கு அவள் மெனக்கெட வேண்டும்? அந்தப் பேச்சுப் பயிற்சிப் பெண் எனக்குக் கொடுத்த மருந்து ஒன்றே ஒன்றுதான். காத்திருக்க வேண்டும். குழந்தை கேட்கும்வரை, எத்தனை நேரமானாலும், நான் வாயைத் திறக்கக் கூடாது.

அன்புள்ள வாசகர்களே, உங்களில் யாராவது ஒரு பத்தி எழுத்தாளனை வாயை மூடிக்கொண்டு இருக்கச் சொல்லிப் பார்த்ததுண்டா? குழந்தை தண்ணீர் பாட்டிலைக் காட்டுவாள். எனக்கு நாக்கு துடிக்கும். அவள் என்னைப் பார்ப்பாள், நான் சீலிங் ஃபேனைப் பார்ப்பேன். வியர்த்துக் கொட்டும். ஃபேன் ஓடிக்கொண்டிருக்கும்போதே!

இப்படியே நாட்கள் போயின. குழந்தையிடம் ஒரு முன்னேற்றமும் இல்லை. எனக்கு மட்டும் ரத்த அழுத்தம் முன்னேறியது. ஞாயிறு வந்தது. திருநெல்வேலி அழைத்தது.

"ஆதிரைக்குட்டி, ஆச்சிகிட்ட பேசுட்டி" என்றார் சம்பந்தியம்மா.

ஆதிரை தோசையைச் சட்னியில் தோய்த்துக்கொண்டிருந்தாள். நித்யா பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். மனைவி என்னைக் கண்ணாலேயே எரித்தாள். போனில் அந்த அம்மாளின் முகம் கொஞ்சம் கொஞ்சமாக வாடியது. "என்ன, ஆச்சி மேல கோவமா?" என்றார்.

என்னால் முடியவில்லை, ஐயா. முடியவில்லை. "ஆச்சி... நான் தோச சாப்ட்..." என்று என் தொண்டையிலிருந்து மழலை கிளம்பிவிட்டது.

ஆதிரை மெதுவாகத் திரும்பினாள். என்னை ஏற இறங்கப் பார்த்தாள். சட்னிக் கையை அப்படியே என் வாயின் மேல் வைத்து அழுத்தினாள்.

"தாத்தா... சும்மா இய்யு."

வீடே நின்றுபோனது. நித்யா தரையில் உட்கார்ந்து குழந்தையை வாரிக்கொண்டாள். இந்தத் தடவை குழாயைத் திறக்கவில்லை, எல்லாருக்கும் எதிரிலேயே அழுதாள். மனைவியும் அழுதாள். என் கண்ணிலும் தண்ணீர். சட்னியில் காரம் அதிகம் என்று சொல்லிவைத்தேன்.

போனில் சம்பந்தியம்மா மட்டும் நெற்றியைச் சுருக்கினார். "பிள்ளைக்கு என்ன, சளி பிடிச்சிருக்கா? குரலே மாறிப்போச்சே?" என்றார்.

அறிஞர் பெருமக்களே, உங்கள் சண்டையை நிறுத்துங்கள். நடந்தது இதுதான். ஏதோ ஒரு குகையில் ஒரு பெரிசு எல்லாருக்கும் சேர்த்துக் கத்திக்கொண்டே இருந்திருக்கிறது. பொறுத்துப் பொறுத்துப் பார்த்த ஒரு குழந்தை, ஒருநாள் அதன் வாயைப் பொத்தியிருக்கிறது. மனித இனம் முதன்முதலில் வாயைத் திறந்தது பேசுவதற்காக அல்ல... அடுத்தவன் பேச்சை நிறுத்துவதற்காக!