பிறந்த ஊரைத் திருத்திய செங்கமலம்

செவ்வாய்க்கிழமை காலை ரத்தக் குப்பிகளுக்குச் சீட்டு ஒட்டிக்கொண்டிருந்தேன். வார்டு நர்ஸ் வந்து, "செங்கமலம் மேடம் போய்ட்டாங்கப்பா" என்றார். சிறுநீரகம் பழுதாகி மூன்று மாதமாகப் படுக்கையில் இருந்தவள்தான். ஆனாலும் அடுத்த குப்பியில் சீட்டை மாற்றி ஒட்டிவிட்டேன். இரங்கல் கூட்டத்தில், ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர் முதல் ஆளாக மைக்கைப் பிடித்து, "என் நிழலில் எழுதக் கற்றவர்" என்றார். அது பொய். அவளோடு வேலை செய்த உங்களுக்காக நடந்ததை எழுதுகிறேன்.

செங்கமலம் கூரம் கிராமத்து விவசாயக் குடும்பத்துப் பெண். எங்கள் மருத்துவமனையில் மருந்தாளுநர். பக்கத்து அறை ஆய்வகத்தில் நான். கோயில் பார்க்க வந்த வெளிநாட்டுப் பெண் ஒருத்தி வயிற்றுப்போக்கில் சுருண்டு நான்கு நாள் எங்களிடம் கிடந்தாள். போகும்போது செங்கமலத்துக்கு ஒரு கேசட் கொடுத்தாள். ஆர்மீனிய இசையமைப்பாளர் ஒருவருடையது. அதைக் கேட்டுவிட்டுச் செங்கமலம், "யாரோ வூட்டு சாவுல உக்காந்துக்கினு இருக்கற மாதிரி இருக்குதுப்பா. ஆனா எழுந்து போவ மனசு வரல" என்றாள்.

அந்த மனிதரைப் பற்றித் தமிழில் எங்கு தேடியும் அவளுக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. பிள்ளையார்பாளையம் பிரவுசிங் சென்டரில் ஞாயிறுதோறும் உட்கார்ந்து, யாரும் எழுதலாம் திருத்தலாம் என்றிருந்த இணையக் கலைக்களஞ்சியத்தில் அவர் வாழ்க்கையைத் தானே எழுதினாள். ஆர்மீனியத் தலைநகரில் பிறந்தவர் என்று எழுதியிருந்தாள். அச்செடுத்து எனக்கும் ஒரு நகல் தந்தாள்.

இரங்கல் கூட்டத்தில் பேசிய அந்தப் பேராசிரியர் என்னிடம் அந்த நகலை வாங்கிப் போனார். "படிச்சுட்டுத் தரேன்" என்றார். சில மாதத்தில் அவர் பெயரில் சிறுநூலாக வந்தது. கல்யாண மண்டபத்தில் வெளியீட்டு விழா, பொன்னாடை, மாலை. வரிக்கு வரி செங்கமலத்தின் எழுத்து. அவள் பெயர் எங்குமில்லை.

இதற்கிடையே இசையமைப்பாளரின் மகளுக்கு அவள் போட்ட கடிதத்துக்குப் பதில் வந்திருந்தது. அப்பா பிறந்தது தலைநகரில் இல்லை, ஒரு மலைக்கிராமத்தில்; போரில் ஊராரையே விரட்டியடித்துவிட்டார்கள்; இப்போது அங்கே வீடில்லை, ஆளில்லை, பெயர் மட்டும்தான் மிச்சம். செங்கமலம் அன்றே சாப்பாட்டு இடைவேளையில் ஓடிப்போய்த் திருத்தினாள். மறுநாள் பார்த்தால் பழைய தவறு திரும்பியிருந்தது. யாரோ மாற்றிவிட்டு, ஆதாரமாக அந்தச் சிறுநூலையே காட்டியிருந்தார். அச்சிட்ட நூல் இருக்கும்போது தனிக்கடிதம் செல்லாதாம்!

அவளோடு பேராசிரியர் வீட்டுக்குப் போனேன். காபி கொடுத்தார். "நெட்ல கிடக்கறது பொதுச்சொத்துமா. நான் புத்தகமாக்கினேன், நீ சந்தோஷப்படணும்" என்றார்.

"எடுத்துக்கினது போவட்டும் சார். என் தப்பையும் சேர்த்து எடுத்துக்கினீங்களே, ஒருவாட்டி சரிபார்க்கக் கூடாதா?"

"பொறாமை கூடாதும்மா" என்று சிரித்தார். காபியைத் தொடாமல் எழுந்து வந்தாள்.

வெளியே வந்ததும் கேட்டாள்: "அவருக்கு நகல் குடுத்தது நீதான்னு அந்தக் கட்டுரைப் பக்கத்துல ஒரு வரி எழுதுப்பா."

பேராசிரியர் எங்கள் மருத்துவமனை நலக்குழுவில் இருந்தார். "எதுக்கு வம்பு?" என்றேன்.

"சரி, வுடு."

அவ்வளவுதான். அதற்குப் பிறகு அவள் என்னிடம் கேட்கவேயில்லை. கட்டுரையைத் திருத்துபவர்கள் பேசிக்கொள்ளும் உரையாடல் பக்கத்தில் தன் முழுப்பெயரோடு எழுதினாள்: "இந்தப் பிழையைச் செய்தவள் நான். நூலாசிரியர் என் பிழையைப் பார்த்து எழுதியிருக்கிறார். என்னைத் திட்டுங்கள், இசையமைப்பாளருக்கு அவர் ஊரைத் திருப்பிக் கொடுங்கள்." அவளைப் புளுகுக்காரி என்று ஏசியவர்கள் உண்டு. கடைசியில் முகம் தெரியாத ஒருவர் கட்டுரையின் பழைய வடிவங்களைத் தோண்டி, நூல் வருவதற்கு முன்பே அந்தத் தவறு அங்கு இருந்ததைக் கண்டுபிடித்தார். மலைக்கிராமத்தின் பெயர் மறுபடி ஏறியது. சிறுநூல் மட்டும் இன்னும் நூலகங்களில் இருக்கிறது, தவறோடு.

பேராசிரியரை நினைத்தால் வரும் அருவருப்பு பெரிதில்லை. அவர் மைக்கில் பேசி முடித்ததும் என் கைகளும் தட்டின. அதுதான் இன்னும் உறுத்துகிறது.

அந்தக் கேசட்டின் இசை எனக்குப் பிடிபடவில்லை. "தப்பு என்னோடது" என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிட்டுச் சண்டைக்குப் போகிற அவள் துணிவைத்தான் எனக்கென்று வைத்துக்கொள்கிறேன். நேற்று பிரவுசிங் சென்டருக்குப் போய், அவள் எழுதியதற்குக் கீழே என் முழுப்பெயரைப் போட்டு எழுதினேன்: "நூலாசிரியருக்கு அந்த நகலைக் கொடுத்தவன் நான். செங்கமலம் உயிரோடு இருந்தபோது இதைச் சொல்லவில்லை."