கழுவிவிட்ட புங்கமரம்

சித்திரை முதல் நாள் அந்தப் படத்தைத் தொடங்கினேன். பெரம்பலூரிலிருந்து அரியலூர் போகும் சாலையோரம் புதிதாகத் தளிர்த்திருந்த ஒரு புங்கமரம். அதன் இலைகளில் சுண்ணாம்புக்கல் லாரிகள் கிளப்பும் தூசி படிந்துகொண்டே வரும். தினமும் காலையில் ஒரே இடத்தில் டிரைபாடை நிறுத்தி, ஒரு நிமிடம் மட்டும் எடுப்பேன். மழை வரும்வரை எடுத்து, பச்சை மெல்ல வெள்ளையாவதைக் குறும்படமாகச் சேர்ப்பது என் எண்ணம். உதவிக்கு யாரும் இல்லை, கேமராவும் நானும்தான்.

வைகாசி விசாகத்தன்று போனபோது மரம் நீர் சொட்டப் பளிச்சென்று நின்றது. மழை பெய்திருக்கவில்லை. எதிர் வீட்டு அம்மா ரப்பர் குழாயைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

“தெனம் வந்து படம் புடிக்கிறீங்களே, மரம் அழுக்கா இருக்கேன்னு கழுவி வுட்டேன் சார். வெளியூர்ல பாக்குறவங்க நம்ம ஊர என்ன நெனப்பாங்க?”

“அந்தத் தூசியத்தாங்க எடுத்துக்கிட்டு இருந்தேன்.”

அவர் சுருட்டிய குழாயைக் கீழே போட்டார்.

“தூசியவா? அதுக்கு ஏன் வெயில்ல நிக்கிறீங்க? வூட்டுக்குள்ள வாங்க, வேணுங்கறது இருக்கு.”

உள்ளே, தூசியைத் தடுக்க ஜன்னலில் ஈரப்புடவையைக் கட்டியிருந்தார். பக்கத்துக் கட்டிலில், சுண்ணாம்புக்கல் லாரி ஓட்டிய அவர் கணவர் மூச்சு வாங்கியபடி சாய்ந்திருந்தார்.

“எடுத்துக்கங்க சார். என்னையும் இவ கழுவி வுடுறதுக்குள்ள எடுத்துருங்க,” என்றார்.

மரத்தை எடுப்பது அன்றோடு நின்றது. மறுநாளிலிருந்து, அந்தப் புடவை காய்வதையும், அந்த அம்மா அதை அவிழ்த்து நனைத்து மீண்டும் கட்டுவதையும் எடுத்தேன்.