ஓரத்தில் ஒரு முடி

நார்மன் டாட்டர்சால் மான்செஸ்டரில் இருபத்தொரு வருடம் டிவிக்குக் கேமரா பிடித்தார். சனிக்கிழமை கால்பந்து, ஞாயிறு தேவாலயப் பாட்டு, வாரநாளில் சமையல், நடுநடுவே போலீஸ் தொடர். கல்யாணமோ தீ விபத்தோ, நார்மனுக்கு இரண்டும் ஒன்றுதான் என்று எங்கள் குழுவில் கேலி பேசுவோம். அவர் கோபித்துக்கொண்டதில்லை. ஒரு சினிமாவாவது எடுத்துவிட வேண்டும் என்ற ஆசை மட்டும் உள்ளே கிடந்தது.

1979இல், நாற்பத்தாறு வயதில், அந்த வாய்ப்பு வந்தது. இயக்குநர் இமோஜன் ஃப்ரேல் என்ற பெண். அவருக்கும் முதல் படம். டிவிக்காரனுக்குப் பெரிய திரை எதற்கு என்று தயாரிப்பாளர் சொன்னது எல்லார் காதிலும் விழுந்திருந்தது. ஒரு தப்பு கிடைத்தால் போதும், அனுப்பிவிடுவார்.

மூன்றாவது வாரம், ரோச்டேலில் ஒரு வீட்டுச் சமையலறை. சிரில் ஆர்மரோட் என்ற எழுபது வயது நடிகர், செத்துப்போன மகனைப் பற்றி நான்கு நிமிடம் பேச வேண்டும். பக்கவாதம் வந்து தேறியவர். வசனம் நழுவிக்கொண்டே இருந்தது. ஆறாவது முறை ஒரு சொல் பிசகாமல் வந்தது. மேக்கப் போடும் பெண் மூக்கை உறிஞ்சினாள்.

நல்ல ஷாட் வந்ததும், கேமராவுக்குள் ஃபிலிம் ஓடும் சின்னச் சதுர வாசலை டார்ச் அடித்துப் பார்ப்பது வழக்கம். ஃபிலிம் உரசி உதிர்ந்த இழை அங்கே ஒட்டியிருக்கும். அதை முடி என்போம். நார்மன் குனிந்து பார்த்துவிட்டு, சுத்தமாக இருக்கிறது என்றார். விளக்குகளை இறக்கினார்கள். டீ வந்தது.

பாதி டீயில் கோப்பையைக் கீழே வைத்தார். வாசலின் ஓரத்தில் ஒரு முடி இருந்தது. கண் பார்த்துத்தான் இருந்தது. டிவிப் பெட்டி படத்தின் ஓரத்தை எப்படியும் விழுங்கிவிடும். அதனால் வருடக்கணக்காக அப்படிப்பட்டதையெல்லாம் விட்டுவிட்ட வாய், பழக்கத்தில் சொல்லிவிட்டது. தியேட்டரில் அது நான்கு நிமிடமும் திரையின் அடியில் புழுப்போல நெளியும்.

பழியை ஃபிலிம் கழுவும் லேபின் மேல் போட்டிருக்கலாம். அவர் நேராக இமோஜனிடம் போனார். தயாரிப்பாளரும் சிரிலும் பக்கத்தில் இருந்தார்கள். நடந்ததை மூன்று வாக்கியத்தில் சொன்னார்.

சிரில் அவருடைய வழுக்கையை நிதானமாகப் பார்த்தார். "உன் தலையில ஒண்ணுமே இல்லையேப்பா, இது யாரோட முடி?"

யாரும் சிரிக்கவில்லை.

"அது எனக்கு இன்னொரு தடவை வருமான்னு தெரியாது நார்மன்."

"தெரியும் சார். தெரிஞ்சுதான் சொல்றேன்."

தயாரிப்பாளர் வாய் திறப்பதற்குள் இமோஜன் முந்திக்கொண்டார். "படம் முடியற வரைக்கும் கேமரா இவர்கிட்டதான். விளக்கு வைக்க எவ்வளவு நேரம் ஆகும்?"

முக்கால் மணி நேரம் ஆனது. சிரில் மூன்று முறையில் பேசி முடித்தார். நன்றாகத்தான் இருந்தது, முதலில் வந்த அளவுக்கு இல்லை. படத்தில் இருப்பது இந்த இரண்டாவதுதான்.

படம் வெளியானபோது நார்மன் மனைவி மாவிஸோடு ஸ்டாக்போர்ட்டில் போய்ப் பார்த்தார். வெளியே வந்து பஸ்ஸுக்கு நிற்கும்போது மாவிஸ் கேட்டாள்: "அந்தக் கிழவர் பேசறப்போ முகத்தைப் பாத்தியா?"

"இல்ல. திரையோட அடியையே பாத்துட்டு இருந்துட்டேன்."

அடுத்த வாரம் மறுபடி டிக்கெட் எடுத்தார்கள்.