சம்பந்தியின் பென் டிரைவ்

போன ஞாயிற்றுக்கிழமை ஒரு கம்ப்யூட்டரைக் கொன்றுவிட்டேன். மரியாதை நிமித்தமாக!

நண்பர் கண்ணியப்பனுக்கு ஆரணியில் பட்டுத் தொழில். சேலை பார்டர் டிசைன்களைக் கம்ப்யூட்டரில்தான் வரைவார். அன்று அவர் மகளைப் பெண் பார்க்க வந்தவாசியிலிருந்து வந்திருந்தார்கள். ஏற்கெனவே இரண்டு வரன்கள் கைநழுவியதில் மனிதர் ரொம்பவே பயந்து போயிருந்தார். துணைக்கு நான்.

எல்லாம் நல்லபடியாகத்தான் போனது. ஜாதகம் பொருந்தியது, பெண்ணைப் பிடித்தது, கேசரியும் பிடித்தது. மாப்பிள்ளைக்கு பெங்களூரில் லீவு கிடைக்கவில்லையாம். அவருடைய அப்பா சட்டைப் பையிலிருந்து பென் டிரைவை எடுத்து நீட்டினார்.

"பையன் போட்டோ எல்லாம் இதுல இருக்குதுங்க."

சொருகினேன். கம்ப்யூட்டரோடு கூடவே வந்த ஆன்ட்டிவைரஸ் சும்மா இருக்குமா? 'டொய்ங்' என்று ஒரு சத்தம். திரையில் சிவப்புப் பெட்டி.

"இன்னாங்க சொல்லுது?"

"வைரஸ் இருக்குதுன்னு..." நான் வாயைத் திறந்திருக்கவே கூடாது.

"எங்க வீட்டுப் பொருள்லயா? நாலு பேர் எதிர்ல இப்படித்தான் சொல்றதா?" மேல்துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தேவிட்டார்.

கண்ணியப்பன் என் காதருகே குனிந்தார். "அண்ணே, பேஜாரா பூடும். ஜல்தி அது வாய மூடுங்க!"

அதற்கு வழி இருக்கிறது. செட்டிங்ஸில் 'எக்ஸ்க்ளூஷன்' என்று ஒன்று. இதைச் சோதிக்காதே என்று சொல்லிவிடலாம். நன்றாகத் தெரிந்த ஃபைலுக்கு மட்டும் கொடுக்க வேண்டிய சலுகை அது. நான் ஒரே ஒரு ஃபோல்டருக்குக் கொடுத்தேன். மறுபடி டொய்ங். சரி, பென் டிரைவ் முழுவதற்கும் கொடுத்தேன். அமைதி. போட்டோ திறந்தது. மாப்பிள்ளை லட்சணமாகத்தான் இருந்தார்.

டொய்ங்! வைரஸ் இப்போது கம்ப்யூட்டருக்கே குடிவந்துவிட்டது.

"பாத்தீங்களா? உங்களுதுலதான் இருந்துகினு இருக்குது!" என்றார் சம்பந்தி.

"ஆமாங்க, எங்களுதுதாங்க!" கண்ணியப்பன் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்.

"டிசைன் எல்லாம் போயிடும்பா" என்று கிசுகிசுத்தேன்.

"டிசைன் போனா திரும்ப வரைஞ்சுக்குறேன். இவங்க போனா?"

சி டிரைவ், டி டிரைவ் எல்லாவற்றுக்கும் விலக்கு கொடுத்தேன். உடனே பச்சை நிற டிக். 'உங்கள் கம்ப்யூட்டர் பாதுகாப்பாக உள்ளது.'

மயில் பார்டர், மாங்காய் பார்டர், அன்னப்பட்சி... ஒவ்வொன்றாகக் காணாமல் போயின. பச்சை டிக் மட்டும் அசையவில்லை. கடைசியில் திரையே கறுத்தது.

வெளியாள் கொண்டுவந்தால்தான் அது வைரஸ். சம்பந்தி கொண்டுவந்தால் அதற்கும் ஒரு டம்ளர் காபி கொடுத்தாக வேண்டும் — நம் வீடுகள் அப்படித்தானே?

சம்பந்தி திருப்தியாகத் தலையசைத்தார். "பொண்ணு தங்கங்க. தை மாசமே வச்சுக்கலாம். கம்ப்யூட்டர்தான் சரியில்ல."

சொல்லிவிட்டு பென் டிரைவைப் பிடுங்கினார். கைக்குட்டையால் நன்றாகத் துடைத்த பிறகுதான் பைக்குள் போட்டுக்கொண்டார்... எங்கள் கிருமி ஒட்டியிருந்தால்?