கன்னத்தில் நின்ற வெளிச்சம்

“இன்னாமா, ஒம் மூஞ்சில லைட்டே நிக்க மாட்டேங்குது.” கல்லூரி விண்ணப்பத்துக்குப் படம் எடுக்கப் போனபோது சிங்கப்பெருமாள் கோயில் ஸ்டூடியோக்காரர் சொன்னது. எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவளும் நான்தான், கல்லூரிக்குப் போகவிருந்தவளும் நான்தான். அந்தப் பெருமையோடு படத்தை அம்மாவிடம் நீட்டினேன். “யார்டி இவ?” என்றாள். ஸ்டூடியோக்காரர் படத்தில் என்னை வெளுப்பாக்கி வைத்திருந்தார்.

படிப்பு முடிந்து, நாங்கள் மேடம் என்று கூப்பிடும் ஒளிப்பதிவாளரிடம் கேமரா உதவியாளராகச் சேர்ந்தேன். பெண்கள் கேமராவுக்கு முன்னால் மட்டுமே நின்ற காலத்தில், அதற்குப் பின்னால் போய் நின்று தனியாக முழுப் படங்களை ஒளிப்பதிவு செய்தவர். அவரும் என் நிறம்தான்.

ஒருநாள் மாமல்லபுரம் கடற்கரையில் படப்பிடிப்பு. மீன் விற்கும் பெண்களையே நடிக்க வைத்திருந்தோம். மேக்கப்காரர் அவர்கள் முகத்தில் வெள்ளையாக அப்பியிருந்தார். மேடம் எல்லோரையும் கழுவிக்கொண்டு வரச் சொன்னார். பல் மட்டும்தான் தெரியப்போகிறது என்று இயக்குநர் முணுமுணுத்தார். அவசரத்தில் ஒளிப்பதிவாளர்கள் பலரும் தங்கள் உள்ளங்கையில் லைட் மீட்டரைக் காட்டி வெளிச்சத்தை அளவெடுப்பார்கள். உள்ளங்கை எல்லோருக்கும் வெளுப்பு; கறுத்த முகத்துக்கு அந்த அளவு உதவாது. மேடம் அந்தப் பெண்களில் ஓர் அக்காவின் கன்னத்தருகே மீட்டரைக் கொண்டுபோய்ப் பார்த்து, கூடுதல் வெளிச்சம் புகும்படி லென்ஸை நன்றாகத் திறந்தார். பின்னால் வானம் வெறும் வெள்ளையாகிவிடுமே என்றார் இயக்குநர்.

“வெளுத்தா வெளுக்கட்டும் சார். வானத்த எல்லாரும் எடுத்துட்டாங்க.”

எடுத்ததை மானிட்டரில் பார்த்த அந்த அக்கா, “ஐய, நானு நானாட்டமே கீறேன்” என்றார். மேடம் வாய்விட்டுச் சிரித்தார். படகு நிழலில் அவர் சிரித்துக்கொண்டிருந்ததை, அவர் அளந்தபடியே அளந்து, நான் ஒரு படம் எடுத்துக்கொண்டேன்.

போன வாரம் மேடம் இறந்துபோனார். திருப்போரூரில் அவர் வீட்டுத் தெருமுனையில் கட்டியிருந்த அஞ்சலி பேனரில் ரோஜா நிறத்தில் ஒரு முகம் இருந்தது. எனக்கு அழுகை வரவில்லை. யாரோ ஒருவருக்காக எப்படி அழுவது? ஏன் இப்படி வெளுப்பாக்கினீர்கள் என்று பேனர் கடைக்காரரிடம் போய்க் கேட்டேன். “செத்தவங்கள கறுப்பாவா வைப்பாங்க? இன்னாக்கா நீ,” என்றார்.

படகு நிழல் படத்தைக் கொடுத்தேன். நிறத்தைத் தொடவே கூடாது என்று சொல்லி, அச்சாகும்வரை பக்கத்திலேயே நின்றேன். பழையதை இறக்கிவிட்டு நானே ஏணியில் ஏறிப் புதியதைக் கட்டினேன். இறங்கிவந்து பார்த்தேன். பின்னால் வானம் வெறும் வெள்ளை. மேடத்தின் கறுத்த கன்னத்தில் வெளிச்சம் நின்றிருந்தது. அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது.